முடியாத ஜூன் மாதம்

அத்தியாயம் ஏழு

பொன்னையாவுக்கு அன்று காலையிலிருந்து எதைப் பார்த்தாலும் எரிச்சலாக வந்தது. ஹட்டன் மழை மூன்று நாளாக நிற்கவில்லை. குடை ஒரு பக்கம் கம்பி முறிந்து கிடந்தது. கீழே பேக்கரியில் பாண் முடிந்துவிட்டது. இதெல்லாம் போதாதென்று மேசையில் அந்த ஒற்றைத் தாள் வேறு.

செவ்வாய்க்கிழமையிலிருந்து அதை எத்தனை தடவை படித்திருப்பார் என்று அவருக்கே தெரியாது. கம்ப்யூட்டர் கக்கிய தாள். ஆங்கிலத்தில் ஒரே ஒரு வரிக்குக் கீழே சிவப்புப் பேனாவால் கோடு போட்டிருந்தது. ஜூன் 12, காலை 10.40. ஆர்த்திகா என்ற பெயரில் உள்ளே வந்த ஆள் பிறப்புப் பதிவுகள் இருந்த பகுதியை அழித்திருக்கிறார். அவ்வளவுதான் விஷயம்.

வழக்கும் அவ்வளவுதான் என்று ஊரே சொல்லியது. மலையகக் குடும்பப் பதிவு நிலையம் என்று ஹட்டனில் ஒரு சிறிய அலுவலகம். தோட்டத்து மருந்துக்கூடங்களில் உக்கிக்கொண்டிருந்த பழைய பிறப்புப் புத்தகங்களைப் பக்கம் பக்கமாகப் படமெடுத்துக் கம்ப்யூட்டரில் சேர்ப்பது அவர்கள் வேலை. பிறப்புச் சான்றிதழ் இல்லாமல், அதனால் அடையாள அட்டையும் இல்லாமல் அலைகிறவர்களுக்கு அந்தப் படம்தான் ஆதாரம். நானூற்றுப் பன்னிரண்டு பேருடைய பதிவுகள் காணாமல் போனது போன திங்கட்கிழமைதான் தெரிய வந்தது. மூலப் புத்தகங்களில் பாதி, படமெடுக்கும்போதே கையோடு உதிர்ந்து போனவை.

பழி ஆர்த்திகாவின் தலையில். வயது இருபத்தாறு, பதிவுகளைக் கம்ப்யூட்டரில் ஏற்றும் வேலை. வட்டவளைக்குப் பக்கத்துத் தோட்டத்தில் கொழுந்து எடுக்கும் லெட்சுமியின் மகள். லயத்து வரிசை வீட்டிலிருந்து அலுவலக வேலைக்குப் போன முதல் பெண் என்று அந்தத் தோட்டமே தூக்கி வைத்துப் பேசிய பிள்ளை. இன்று மாலை நான்கு மணிக்குள் வேறு பெயர் ஒன்று கிடைக்காவிட்டால் நிர்வாகக் குழு பொலிசில் முறைப்பாடு கொடுத்துவிடும். வேறு பெயரைக் கண்டுபிடிக்கத்தான் பொன்னையாவைப் பிடித்தார்கள். பத்து வருடம் பொலிசில் சார்ஜனாக இருந்தவர், அடுத்த பத்து வருடம் மற்றவர்களுக்காகத் துப்புத் துலக்கியவர். ஆனால் கம்ப்யூட்டர் என்றால் அதன் சுவிட்ச் எந்தப் பக்கம் என்றுகூடத் தெரியாதவர்.

அதற்குத்தான் ஷாமிலா. மல்லியப்புச் சந்தியில் தொலைபேசிக் கடை ஒன்றில் இருந்தவளை இரண்டு வருடத்துக்கு முன் உதவிக்கு எடுத்தார். கம்ப்யூட்டரும் தெரியும், வாயும் உண்டு. இரண்டாவது கொஞ்சம் அதிகம்.

“சேர், அந்தத் தாள இன்னும் ரெண்டு தடவ பாத்தீங்கன்னா அதுவே அழுதுகிட்டு குத்தத்த ஒத்துக்கும்” என்றாள்.

பொன்னையா தாளைக் குப்புறக் கவிழ்த்து வைத்தார். ஆர்த்திகாவின் மேலே அவருக்குக் கோபமும் இருந்தது. அந்தப் பிள்ளை ஒரு பொய்யாவது சொல்லியிருக்கலாம். பன்னிரண்டாம் திகதி மற்ற எல்லோரும் நுவரெலியாக் கூட்டத்துக்குப் போய்விட்டார்கள், அலுவலகத்தில் நான் மட்டும்தான் இருந்தேன், சாவியும் என்னிடம்தான் இருந்தது என்று கேட்ட உடனேயே சொல்லிவிட்டாள். அன்றைக்கு என்ன வேலை செய்தாய் என்றால் ஞாபகமில்லை என்றாள். இப்படி ஒரு நேர்மையை வைத்துக்கொண்டு யார் என்ன செய்வது?

அந்தத் தாளைக் கொடுத்த செயலாளர் முத்துலிங்கமோ ஒரு சொல் பிசகாத மனிதர். யாழ்ப்பாணத்தில் கல்விக் கந்தோரில் முப்பது வருடம் இருந்து ஓய்வு பெற்று வந்தவர். சட்டையில் ஒரு சுருக்கம் இருக்காது. சேவரை, அதாவது எல்லாப் பதிவுகளும் இருக்கும் அந்தப் பெரிய கம்ப்யூட்டரை, நடத்துகிற மென்பொருள் எது, எங்கே வாங்கியது என்று ஷாமிலா புதன்கிழமை கேட்டபோது, அது இந்த விசாரணைக்குத் தேவையில்லாதது என்று பணிவாகவே கதவைச் சாத்திவிட்டார்.

“அது என்ன அவ்வளவு பெரிய சாமான்?” என்று பொன்னையா அப்போது கேட்டார். ஒரு பங்களாவுடைய எல்லா அறைச் சாவியும் கோர்த்த வளையம் என்று வைத்துக்கொள்ளுங்கள் என்றாள் ஷாமிலா. அந்த மென்பொருளைக் கையில் வைத்திருப்பவன் யார் பெயரிலும் உள்ளே போகலாம், எதையும் வைக்கலாம், எதையும் எடுக்கலாம். அன்று அது பொன்னையாவின் மண்டையில் ஏறவில்லை.

பத்தரைக்கு இருவரும் வட்டவளைக்கு பஸ் ஏறினார்கள். போய் ஆகப்போவது ஒன்றுமில்லை என்று அவருக்குத் தெரியும். தாயிடம் ஒரு தடவை பேசிப் பார்க்காமல் கோப்பை மூட மனம் வரவில்லை, அவ்வளவுதான்.

லெட்சுமி மலையில் இருந்தாள். கொழுந்து நிறுக்கும் நேரம். மற்றப் பெண்கள் கூட்டமாக நிற்க, இவள் மட்டும் கூடையோடு தனியாக நின்றாள். காரணம் பொன்னையாவுக்குத் தெரியும். செவ்வாய்க்கிழமை காலை முத்துலிங்கம் இந்தத் தோட்டத்துப் பெரட்டுக்கே வந்து, வேலைக்குப் பெயர் கொடுக்க நின்ற அத்தனை பேர் முன்னாலும், உங்கள் பதிவுகளை அழித்தது உங்கள் தோட்டத்துப் பிள்ளைதான் என்று அறிவித்துவிட்டுப் போயிருந்தார். அன்றிலிருந்து லெட்சுமிக்குப் பக்கத்து நிரையில் யாரும் கொழுந்து எடுப்பதில்லை.

பொன்னையா திகதியைச் சொன்னார். பன்னிரண்டாம் திகதி, திங்கட்கிழமை. அன்றைக்கு மகள் வீட்டுக்கு வந்து ஏதாவது சொன்னாளா?

“திகதியெல்லாம் எனக்குத் தெரியாதுங்க” என்றாள் லெட்சுமி. “பொசன் முடிஞ்ச திங்கக்கெழமையா?”

ஆமாம், பொசன் பௌர்ணமிக்கு அடுத்த திங்கள்தான் என்றாள் ஷாமிலா.

“அப்ப அது தப்படிச்ச நாளுங்க.”

பொன்னையாவுக்குப் புரியவில்லை. அவள் பொறுமையாகச் சொன்னாள். அந்தத் தோட்டத்தில் ஆட்களைப் பெரட்டுக்குக் கூப்பிடுவது தொழிற்சாலைச் சங்கு. அன்று விடியற்காலையில் எங்கேயோ மரம் விழுந்து, ஒரு நாளும் இல்லாதபடி பெரட்டு நேரத்தில் கரண்ட் போய்விட்டது. சங்கு ஊதவில்லை. ஆள் சேரவில்லை. மேற்பார்வை பார்க்கும் கண்டாக்கு ஐயா கத்திப் பார்த்துவிட்டு, கடைசியில் மாரியம்மன் கோயிலில் கிடந்த தப்புப் பறையை எடுத்துவரச் சொல்லி அடிக்க வைத்தார். கலியாணம் கட்டி வந்த நாளிலிருந்து பெரட்டுக்குத் தப்புச் சத்தம் கேட்டது அன்றைக்குத்தான். சிறுசுகள் சாவு வீடென்று நினைத்து ஓடி வந்தார்களாம்.

“கரண்ட் எப்ப வந்துச்சு?” என்று கேட்டார் பொன்னையா.

“வெளக்கு வெக்கிற நேரத்துக்குத்தாங்க.”

ரோட்டுக்கு இறங்கியதும் ஷாமிலா தொலைபேசியை எடுத்து மின்சாரக் கந்தோரில் தெரிந்தவர் ஒருவரிடம் சிங்களத்தில் விசாரித்தாள். ஜூன் பன்னிரண்டு, வட்டவளையிலிருந்து ஹட்டன் டவுன் முழுக்க, காலை ஐந்திலிருந்து மாலை ஆறு வரை இருட்டு. ஹட்டனில் கரண்ட் போகாத மழை வாரம் ஏது? அதனால்தான் ஆர்த்திகாவுக்கு அந்த நாள் தனியாக ஞாபகமில்லை. அவள் அன்று யன்னலோரம் உட்கார்ந்து கிழிந்த புத்தகப் பக்கங்களை ஒட்டியிருப்பாள்.

“அந்த அலுவலகத்துல கரண்ட் போனா சேவர் பதினஞ்சு நிமிசம் தாங்கும். அதுக்கு மேல அது வெறும் இரும்புப் பெட்டி” என்றாள் ஷாமிலா. “உசிரில்லாத பெட்டிக்குள்ள பத்து நாப்பதுக்கு யாரு சேர் போனது? பேயா?”

பொன்னையாவுக்குச் சந்தோஷம் வரவில்லை, எரிச்சல்தான் கூடியது. நான்கு நாளாக ஒரு பொய்த் தாளை மார்போடு அணைத்துக்கொண்டு திரிந்திருக்கிறார். தாள் பொய் என்றால் அதைப் பொய்யாக்கியது யார்?

ஹட்டனுக்கு வந்து சேர இரண்டு மணியாகிவிட்டது. பதிவு நிலையத்து வாசலில் வாச்சர் மாயாண்டி சாக்குப் பையைத் தலையில் போட்டுக்கொண்டு நின்றார். இங்கே ஜெனரேட்டர் ஏதாவது உண்டா என்று பொன்னையா கேட்டார். அப்படி ஒன்று இருந்தால் நான் ஏன் மெழுகுதிரி வாங்க ஓடுகிறேன் என்றார் மாயாண்டி. லீவு நாட்களில் யாராவது உள்ளே போவதுண்டா என்று அடுத்த கேள்வி.

“யாரும் வர மாட்டாங்க. நம்ம ஐயா மட்டுந்தான், போயாவுக்குப் போயா தவறாம வருவாரு. மெசின் இருக்கிற ரூமுக்குள்ள போயி பத்து நிமிசம். பூச பண்ணுறாருன்னு நெனைக்கிறேன்.”

“வேற லீவு நாள்ல?”

“வர மாட்டாரு. ரெண்டு வருசமா போயா மட்டுந்தான்.”

பொன்னையா வாசலிலேயே நின்றுவிட்டார். பௌர்ணமிக்குப் பௌர்ணமி நாடே பூட்டிக் கிடக்கும் நாளில், சுத்த சைவரான முத்துலிங்கத்துக்கு இந்தப் பூட்டிய அலுவலகத்தில் என்ன விரதம்? ஷாமிலாவைத் திரும்பிப் பார்த்தார். அவள் வாயில் வழக்கமாக நிற்கும் சிரிப்பு இல்லை.

“சேர், ஒரு போயாவுக்கும் அடுத்த போயாவுக்கும் எத்தன நாளு?”

“இருபத்தொம்பது. சில நேரம் முப்பது.”

“இலவசமா ஓட்டிப் பாக்கக் குடுக்கிற மென்பொருளுக்கு முப்பது நாள்தான் சேர் தவணை.”

நிர்வாகக் குழு கொடுத்த அனுமதிக் கடிதத்தைக் காட்டி இருவரும் சேவர் அறைக்குள் போனார்கள். ஷாமிலா திரையைத் தட்டி எழுப்பினாள். மூலையில் சின்ன எழுத்தில் திகதி தெரிந்தது. வெளியே உலகத்துக்கு அன்று 2006 ஜூன் 23. இந்த அறைக்குள் 2004 ஜூன் 15.

“நான் ரெண்டு வயசு எளசாயிட்டேன்” என்றாள் ஷாமிலா. ஆனால் அவளுடைய கை வேகமாக ஓடிக்கொண்டிருந்தது.

விஷயம் இதுதான். முப்பது நாள் தவணை முடியப் போகும்போதெல்லாம் யாரோ கடிகாரத்தைப் பின்னால் தள்ளி, மென்பொருளை ஏமாற்றியிருக்கிறார்கள். ஒவ்வொரு போயாவுக்கும் அது மறுபடி 2004 ஜூன் இரண்டாம் திகதி, மென்பொருளைப் போட்ட நாள். இரண்டு வருடமாக இந்தப் பெட்டிக்குள் ஜூலை ஒன்றிரண்டு நாளுக்கு மேல் தங்கியதே இல்லை. அது எழுதுகிற குறிப்பில் மாதமும் நாளும் உண்டு, வருடம் கிடையாது. ஆகவே எந்த மாதத்தில் எது நடந்தாலும் தாளில் ஜூன் என்றுதான் விழும்.

பொன்னையா சுவரில் தொங்கிய கலண்டரைக் கழற்றி மேசையில் வைத்தார். இது அவருக்குத் தெரிந்த வித்தை. பொசன் அன்று, ஜூன் பத்தில், தள்ளிய கடிகாரப்படி பார்த்தால் பெட்டியின் பன்னிரண்டாம் திகதி வருவது ஜூன் இருபதில். பதிவுகள் காணவில்லை என்று தெரிந்ததே பத்தொன்பதில். அது சரிவராது. மே தொடக்கத்தில்கூட அந்தப் பதிவுகளிலிருந்து பிரதி எடுத்துக் கொடுத்திருந்தார்கள், ஆகவே மிஞ்சுவது அதற்கு முந்திய போயா மட்டும்: வெசாக், மே பன்னிரண்டு. அன்று பெட்டிக்கு ஜூன் இரண்டு. பத்து நாள் கூட்டினால் மே இருபத்திரண்டு.

வாசலுக்குப் போய், மாயாண்டியின் மேசையில் கிடந்த வாகனப் புத்தகத்தைப் புரட்டினார். மே 22, காலை ஏழு முதல் மாலை ஐந்து வரை, லிந்துலைக்குப் பிறப்புப் புத்தகங்கள் எடுத்துவரப் போன ஜீப். பயணம் செய்தவர்கள் இருவர். ஆர்த்திகா. செயலாளர். கீழே முத்துலிங்கத்தின் கையெழுத்து, மணி மணியாக.

பொன்னையா அந்தப் பக்கத்தையே வெறித்துப் பார்த்தார். பெட்டியில் பத்து நாற்பது ஆனபோது அந்தப் பிள்ளை, தன்மேல் குற்றம் சாட்டியவருக்குப் பக்கத்திலேயே ஜீப்பில் உட்கார்ந்திருந்திருக்கிறாள்.

மூன்று மணிக்கு முத்துலிங்கத்தின் அறைக்குள் போனபோது அவர் முறைப்பாட்டுக் கடிதத்தை உறையில் போட்டுக்கொண்டிருந்தார். பொன்னையா கலண்டரையும் வாகனப் புத்தகத்தையும் அவர் முன்னால் விரித்தார். வாயைத் திறந்தால் கத்திவிடுவோமோ என்று அவருக்குப் பயமாக இருந்தது.

முத்துலிங்கம் இரண்டையும் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு மேசை லாச்சியைத் திறந்து, மட்டை உறை போட்ட ஒரு சீடியை எடுத்து வைத்தார்.

“இப்போதைக்கு எண்டுதான் போட்டனான்” என்றார். “வெளிநாட்டில இருந்து முறையான அனுமதி வர ஆறு கிழமை எடுக்கும் எண்டு எழுதியிருந்தவை. திறப்பு விழாவுக்கு ஒன்பது நாள்தான் இருந்தது. கொழும்பிலை ஒரு கடையிலை இதை வாங்கினன். பிறகு மாத்துவம், பிறகு மாத்துவம் எண்டு...”

ஷாமிலா சீடி உறையைத் திருப்பிப் பார்த்தாள். பின்பக்கம் ஆங்கிலத்தில் மூன்று கட்டளை அச்சிட்டிருந்தது. கடைசிக் கட்டளை முப்பது நாளுக்கு ஒரு தடவை கடிகாரத்தைப் பின்னால் தள்ளச் சொன்னது. முதலாவது கட்டளை: இதைப் போடுவதற்கு முன் வைரஸ் தடுப்பை நிறுத்திவிடவும்.

“திருடன் வர்றதுக்கு முன்னாடி நாயைக் கட்டிப் போடுங்கன்னு அவனே எழுதிக் குடுத்திருக்கான்” என்றாள். “நீங்களும் கட்டிட்டீங்களா ஐயா?”

அவர் கட்டியிருந்தார். களவாக உடைத்த மென்பொருளுக்குள் உடைத்தவன் தனக்கென்று ஒரு பின்கதவு வைத்திருந்தான். ஷாமிலா சேவரில் கண்டதைச் சொன்னாள். பிறப்புப் பதிவுகள் இருந்த இடத்தில் இப்போது பத்துப் பதினைந்து அந்நிய நாட்டு சினிமாப் படங்கள் கிடக்கின்றன. எவனோ, எந்த நாட்டிலோ, தன்னுடைய சினிமாக்களைப் பதுக்கி வைக்க இடம் தேடியிருக்கிறான். அதிக இடம் பிடித்துக்கொண்டிருந்ததை அழித்துவிட்டான். பெயர்ப் பட்டியலில் முதலாவதாக இருந்தது ஆர்த்திகா. அந்தப் பெயரிலேயே உள்ளே வந்தான்.

பொன்னையாவுக்குப் பெரிய ஏமாற்றம். நான்கு நாள் துரத்தினால் கடைசியில் முகமில்லாத, ஊரில்லாத ஒருவன். இருபது வருடத்தில் கையில் விலங்கு மாட்ட ஆளில்லாமல் முடிகிற முதல் வழக்கு இதுதான். எதிரே இருந்தவர் மேல்தான் எல்லா ஆத்திரமும் திரும்பியது.

“கடிகாரம் பிழைன்னு உங்களுக்குத் தெரியும். அந்தத் தாளுல இருக்கிற திகதி பொய்யின்னு தெரியும். தெரிஞ்சுதானே குடுத்தீங்க?”

முத்துலிங்கம் கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார். “திகதியைப் பற்றிக் கேட்டால் சீடியைப் பற்றியும் கேப்பினம்” என்றார். “அந்தப் பிள்ளை தனியத்தான் நிண்டது எண்டு பதிவிலை இருந்தது. ஒருவேளை அவளாகவும் இருக்கலாம் எண்டு என்னை நானே நம்ப வைச்சனான்.”

நகல் இருக்குமே, தினமும் நகல் எடுக்கும்படி வைத்திருக்கிறேனே, அதிலிருந்து எல்லாவற்றையும் மீட்டுவிடலாமே என்று அவர் அவசரமாகச் சொன்னார். முகத்தில் அப்போதுதான் கொஞ்சம் உயிர் வந்தது.

ஷாமிலா தலையை ஆட்டினாள். இந்தத் தடவை அவள் பகிடி விடவில்லை. நகல் ஒவ்வொன்றும் அன்றைய திகதியைப் பெயராக வைத்துக்கொள்ளும். அதே திகதி திரும்பி வந்தால் பழையதன்மேல் புதியதை எழுதிவிடும். வெசாக்குக்குப் பிறகு எடுத்த முதல் பத்து நகல்களில் எல்லாப் பதிவும் பத்திரமாக இருந்தன. பொசன் அன்று அவர் வந்து கடிகாரத்தைத் தள்ளினார். அந்தப் பத்து நகலும் நாளுக்கு ஒன்றாக அழிந்து, கடைசி நகல் போனது போன திங்கட்கிழமை. காணவில்லை என்று கண்டுபிடித்த அதே நாள்.

“பொசனுக்கு நீங்க வராம வீட்டுல இருந்திருந்தா, எல்லாம் கெடைச்சிருக்கும் ஐயா.”

முத்துலிங்கம் உறையிலிருந்து கடிதத்தை எடுத்து, நான்காகக் கிழித்தார். பொன்னையா நிர்வாகக் குழுவுக்குத் தொலைபேசியில் எல்லாவற்றையும் சொன்னார். பிறகு ஆர்த்திகாவைத் திங்கட்கிழமை வேலைக்கு வரச் சொல்லுங்கள் என்றார்கள்.

செய்தி கேட்டு வந்த ஆர்த்திகா உட்காரவில்லை. அவள் குற்றமற்றவள் என்று முத்துலிங்கம் எழுதிய கடிதத்தை நின்றபடியே வாசித்தாள். மன்னிப்பும் அதில் இருந்தது. மடித்து அவருடைய மேசையிலேயே வைத்தாள்.

“எங்க தோட்டத்துல பாதிப் பேருக்கு வாசிக்கத் தெரியாதுங்க ஐயா. நீங்க என்னைய பெரட்டுல வச்சுத்தான் சொன்னீங்க. அங்க வந்தே சொல்லுங்க. அதுக்கப்புறம் வேலைக்கு வாறேன்.”

சனிக்கிழமை காலை மழை விட்டிருந்தது. சங்கு ஊதி, ஆட்கள் கூடையோடும் படங்குச் சாக்கோடும் பெரட்டுக் களத்தில் வந்து நின்றார்கள். பொன்னையாவும் ஷாமிலாவும் ஓரமாக நின்றார்கள். ஆர்த்திகா தாய்க்குப் பக்கத்தில் நின்றாள். அவர்களைச் சுற்றி இன்னும் ஓர் ஆள் இடைவெளி இருந்தது.

முத்துலிங்கம் சுருக்கமில்லாத சட்டையோடு முன்னால் வந்தார். பதிவுகள் அழிந்தது ஆர்த்திகாவால் அல்ல, தான் போட்ட களவு சீடியால் என்றார். கடிகாரத்தைத் திருப்பியது தான் என்றார். நானூற்றுப் பன்னிரண்டு பேருடைய பதிவுகளையும் முதலிலிருந்து தேட வேண்டும், அந்தக் குற்றமும் தன்னுடையது என்றார். எல்லாவற்றையும் நிலத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னார். கண்டாக்கு பெயர் கூப்பிடப் புத்தகத்தைத் திறந்தார்.

அப்போது நடுவிலிருந்து லெட்சுமியின் குரல் வந்தது.

“ஐயா, பின்னால நிக்கிறவங்களுக்குக் கேக்கல. போன தடவ நல்லா சத்தமா சொன்னீங்க.”

கண்டாக்கு புத்தகத்தை மூடினார். முத்துலிங்கம் தலையை நிமிர்த்தி, தொண்டையைச் செருமிக்கொண்டு, முதலிலிருந்து தொடங்கினார்.